மாசமா இருக்கும்போது அழுதா குழந்தைக்குப் பேச்சு வராதா? ஒரு வீடியோவும் சில ஆய்வுகளும்

போன மாசம் ஒரு காதுகுத்துக்காகத் தேவாரம் போயிருந்தேன். சாப்பிட்டுக் கை கழுவுற இடத்தில் சித்தி மகள் வந்து நின்றாள். இடுப்பில் பையன். ரெண்டரை வயசு ஆகப்போகுது, "அம்மா", "தா" தவிர வேற வார்த்தை வரலை. போனை நீட்டி ஒரு வீடியோவைக் காட்டினாள். "அண்ணே, நீங்க இந்த மாதிரி விஷயமெல்லாம் தேடிப் படிப்பீங்கல்ல. இது நெசமா? நான் அழுததாலதான் இவனுக்குப் பேச்சு வரலையா?"

அவள் மாசமா இருந்த வருஷம்தான் கணவர் வண்டியிலிருந்து விழுந்து மூணு மாசம் படுக்கையில் இருந்தார். இவள் ஏழாம் மாசம் வரைக்கும் மலைக்கு, அதாவது கேரளப் பக்கம் ஏலத்தோட்டத்துக்கு, ஜீப்பில் வேலைக்குப் போனாள். அந்த வீடியோவைக் குடும்ப வாட்ஸப் குழுவில் போட்டது புகுந்த வீட்டு ஆள் ஒருத்தர். கூடவே ஒரு வரி: "அன்னைக்கே சொன்னோம், அழாதேன்னு." இதை எழுத அவளிடம் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன்.

நான் டாக்டர் இல்லை. பி.இ. படிச்சுட்டு இருபது வருஷமா மென்பொருள் எழுதுறவன். ஆனால் ஒரு பிழைக்கு யார் காரணம்னு ஆதாரம் இல்லாமல் கை காட்டினால் என்ன ஆகும்னு என் தொழில் எனக்கு நல்லாவே சொல்லிக் கொடுத்திருக்கு. அதனால் அந்தப் பதினாலு நிமிஷ வீடியோவை ரெண்டு தடவை பார்த்தேன், பிறகு கிடைத்த ஆய்வுகளைப் படித்தேன்.

வீடியோ எதிர்பார்த்த மாதிரியே அபிமன்யு கதையில் தொடங்குகிறது. பிறகு மூன்று விஷயங்களைச் சொல்கிறது. ஒன்று, தாய் கவலைப்பட்டால் கார்டிசால் என்ற ஹார்மோன் நேராகக் குழந்தைக்குப் போய்விடும். ரெண்டு, அதனால் குழந்தையின் அறிவும் பேச்சும் கட்டாயம் குறையும். மூணு, ஆகவே தாய் மனசைக் கட்டுப்படுத்தப் பழகணும்.

முதல் விஷயம் பாதி சரி. கார்டிசால் மன அழுத்தத்தில் கூடும் என்பது உண்மை. ஆனால் எந்தக் கவலையும் இல்லாத தாய்க்குக்கூடக் கர்ப்ப காலத்தில் அது இயல்பாகவே பல மடங்கு ஏறும். குழந்தைக்கும் தாய்க்கும் நடுவில் நஞ்சுக்கொடி இருக்கு. அதிலுள்ள ஒரு நொதி (11 பீட்டா ஹெச்எஸ்டி 2 என்று பெயர்) வருகிற கார்டிசாலில் பெரும்பகுதியைச் செயலற்றதாக மாற்றிவிடுகிறது. குழந்தையின் ரத்தத்தில் இருப்பது தாயிடம் இருப்பதில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்குதான். கடுமையான அழுத்தத்தில் இந்தத் தடுப்பு பலவீனமாகலாம் என்று விலங்கு ஆய்வுகள் சொல்கின்றன. சரி. ஆனால் மனிதர்களில், தாய் சொல்லும் கவலையின் அளவுக்கும் அவள் உடம்பில் இருக்கும் கார்டிசால் அளவுக்கும் பல ஆய்வுகளில் பெரிய தொடர்பே கிடைக்கவில்லை. "நேராகப் போய்விடும்" என்பது அறிவியல் இல்லை.

இதில் நம் ஊருக்கு உபயோகமான ஒரு செய்தி இருக்கு. அந்த நொதியைத் தடுக்கும் பொருள் ஒன்று நாட்டு மருந்துக் கடையிலேயே கிடைக்குது: அதிமதுரம். பின்லாந்தில் அதிமதுர மிட்டாய் சாப்பிடும் வழக்கம் அதிகம். கர்ப்ப காலத்தில் அதை நிறையச் சாப்பிட்ட தாய்மார்களின் குழந்தைகளை எட்டு வயதில் சோதித்து, காட்ரி ரைக்கோனென் குழுவினர் 2009இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அறிவுத்திறன் சோதனைகளில் அந்தக் குழந்தைகள் சற்றுக் குறைவாக எடுத்திருந்தார்கள். இதுவும் கவனிப்பு ஆய்வுதான், இறுதித் தீர்ப்பு இல்லை. ஆனாலும் கர்ப்பிணிகள் இருமலுக்கு அதிமதுரக் கஷாயம் குடிக்கும் முன் டாக்டரிடம் கேட்பது நல்லது. அழாதே என்று பதினாலு நிமிஷம் பேசும் வீடியோவில் இதற்கு ஒரு நொடி இல்லை.

ரெண்டாவது விஷயத்துக்கு வருவோம். இங்கிலாந்தின் பிரிஸ்டல் வட்டாரத்தில் 1991, 92இல் ஏறத்தாழ 14,000 கர்ப்பிணிகளைச் சேர்த்துத் தொடங்கிய ஆய்வு இந்தத் துறையில் முக்கியமானது. விவெட் குளோவர் உள்ளிட்டோர் அதிலிருந்து எடுத்த கணக்கு இது. கர்ப்பத்தில் பதற்றம் மிக அதிகமாக இருந்த 15 சதவீதத் தாய்மாரின் பிள்ளைகளில், மனநலக் கோளாறு இருக்கக்கூடியவர்கள் 12.31%. மற்றவர்களின் பிள்ளைகளில் 6.83%. "ஆபத்து இரண்டு மடங்கு" என்று தலைப்பு போடலாம், பொய் இல்லை. அதே எண்ணைத் திருப்பிப் படிங்க: மிக அதிகமாகக் கவலைப்பட்ட தாய்மாரின் பிள்ளைகளிலும் நூற்றுக்கு 87, 88 பேருக்கு அந்தப் பிரச்சினை இல்லை. வீடியோ சொல்லும் "கட்டாயம்" எங்கே போச்சு?

எதிர்த் திசையிலும் முடிவு உண்டு. அமெரிக்காவின் ஜேனட் டிபியெட்ரோ 2006இல் வெளியிட்ட ஆய்வில், ஆரோக்கியமான, நல்ல சாப்பாடு கிடைக்கிற பெண்களுக்கு மிதமான அழுத்தம் இருந்தபோது பிள்ளைகள் இரண்டு வயதில் கொஞ்சம் முன்னேறியே இருந்தார்கள். இன்னொரு சிக்கல், பதற்றம் உள்ள தாய் தன் மரபணுவையும் பிள்ளைக்குத் தருகிறாள். இதைப் பிரித்துப் பார்க்க பிரிட்டனில் ஃபிரான்சஸ் ரைஸ் குழுவினர் சோதனைக் குழாய்க் குழந்தைகளை எடுத்துக்கொண்டார்கள். அதில் சில தாய்மார் சுமந்தது தானமாகப் பெற்ற கருமுட்டையை, மரபுத் தொடர்பே கிடையாது. எடைக் குறைவும் முரட்டு நடத்தையும் இரு வகையிலும் தென்பட்டன. கவனக்குறைவு, துறுதுறுப்புக் கோளாறோ மரபுத் தொடர்பு உள்ள ஜோடிகளில் மட்டும்தான் தென்பட்டது. அதாவது சில விளைவுகளுக்குக் கருவறைச் சூழல் காரணமாக இருக்கலாம், சிலவற்றுக்கு மரபு. எல்லாத்தையும் ஒரே மூட்டையில் கட்ட முடியாது.

பேச்சு வளர்ச்சியைப் பற்றிச் சொல்லும் ஆய்வு எதுன்னா கனடாவின் கியூபெக் பனிமழை ஆய்வு. 1998 ஜனவரியில் அங்கே உறைபனி மழை கொட்டி 30 லட்சம் பேருக்கு மேல் மின்சாரம் இல்லாமல் தவித்தார்கள். சிலருக்குச் சில மணி நேரம், சிலருக்கு ஐந்து வாரத்துக்கும் மேல். சூசன் கிங் குழுவினர் அப்போது கர்ப்பமாக இருந்த பெண்களிடம் இரண்டு விஷயங்களைத் தனித்தனியாக அளந்தார்கள். எத்தனை நாள் கரண்ட் இல்லை, வீடு மாறினீர்களா, வருமானம் போச்சா என்பது ஒன்று. மனசளவில் எவ்வளவு கலங்கினீர்கள் என்பது மற்றொன்று. இரண்டு வயதிலும், பிறகு ஐந்தரை வயதில் சோதித்த 89 பிள்ளைகளிடமும், மொழித்திறன் மதிப்பெண் குறைந்தது முதல் அளவோடு சேர்ந்துதான். தாய் எவ்வளவு கலங்கினாள் என்பது அதை விளக்கவில்லை. மாதிரி சின்னது, பெரும்பாலும் வசதியான குடும்பங்கள், அதையும் சொல்லணும். ஆனால் கேள்விக்கு இது நேரடியான பதில். அங்கே பிள்ளைகளின் பேச்சோடு தொடர்பு காட்டியது அம்மா விட்ட கண்ணீர் இல்லை, அவள் பட்ட கஷ்டம்.

இதனால்தான் மூணாவது விஷயம், "தாய் மனசைக் கட்டுப்படுத்தணும்" என்ற அறிவுரை, எனக்குக் கோபத்தை வரவழைக்குது. கஷ்டத்தை அப்படியே விட்டுட்டு கஷ்டப்படுறவளைத் திருத்தப் பார்க்கிறது.

நம் ஊர்க் கணக்கு என்ன? வேலூர் சிஎம்சி ஆய்வாளர்கள் தமிழகக் கிராமப்புறத்தில் கடைசி மும்மாதத்தில் இருந்த 359 பெண்களைச் சேர்த்து, பிரசவத்துக்குப் பிறகும் தொடர்ந்து பார்த்து, 2002இல் கட்டுரை வெளியிட்டார்கள். பிரசவத்துக்குப் பிறகு மனச்சோர்வு வந்தவர்கள் 11%. அதற்குத் துணைபோன காரணங்கள்: குறைந்த வருமானம், ஆண் குழந்தையை எதிர்பார்த்துப் பெண் பிறந்தது, மாமியாரோடும் பெற்றோரோடும் உரசல், கர்ப்ப காலத்தில் நடந்த கெட்ட சம்பவங்கள், வீட்டு வேலைக்குக் கைத்துணை இல்லாதது. தொட்டில் குழந்தைத் திட்டம் வர வேண்டியிருந்த மாவட்டம் நம்முடையது. ஆண் குழந்தை ஆசை பற்றி நமக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம். இந்தப் பட்டியலில் எதை ஒரு பெண் தனியா உட்கார்ந்து பாட்டு கேட்டுச் சரி பண்ண முடியும்?

தேவாரத்திலிருந்து சாக்கலூத்து மெட்டு வழியா மலைக்கு ரோடு வேணும்கிறது பல வருஷக் கோரிக்கை. அது இல்லாததால் போடிமெட்டு, கம்பம்மெட்டு என்று சுற்றித்தான் ஜீப் போகுது. விடியறதுக்கு முன்னாடி எழுந்து சோறாக்கி, நெருக்கியடிச்சு உட்கார்ந்து கொண்டை ஊசி வளைவில் ஏறி, நாள் முழுக்கக் குனிஞ்சு காய் எடுத்துட்டு இருட்டுக்குத் திரும்புறாங்க. மகப்பேறு நலச் சட்ட விதிகளில் தோட்டங்களும் அடக்கம். 2017 திருத்தத்துக்குப் பிறகு 26 வாரம் சம்பளத்தோடு விடுப்பு. ஆனால் பிரசவத்துக்கு முந்தைய 12 மாதத்தில் 80 நாளாவது அந்த முதலாளியிடம் வேலை பார்த்திருக்கணும். தினக்கூலிக்கு ஆள் மாத்தி ஆள் ஏத்திட்டுப் போகும் ஜீப்பில் அதற்கு யார் பதிவேடு வைப்பார்கள்? முத்துலட்சுமி ரெட்டி திட்டத்தின் 18,000 ரூபாய் பெரிய உதவிதான், ஆனால் அவள் வீட்டில் ஒரே சம்பாத்தியம் இவளுடையதாக இருந்தது.

பலன் தந்த வழியும் ஒன்று இருக்கு. பாகிஸ்தான் கிராமங்களில் அதிஃப் ரஹ்மான் குழுவினர், மனச்சோர்வில் இருந்த கர்ப்பிணிகளின் வீட்டுக்கே ஊர் சுகாதாரப் பணியாளர்களை அனுப்பிப் பேச வைத்தார்கள். 2008இல் வந்த முடிவு: ஆறாம் மாதத்தில் மனச்சோர்வு 53% இருந்த இடத்தில், இந்தக் குழுவில் 23%. குழந்தைகளின் எடையிலும் உயரத்திலும் பெரிய மாற்றம் இல்லை, ஆனால் வயிற்றுப்போக்கு குறைந்தது, தடுப்பூசி கூடியது. நம்மிடம் கிராம சுகாதார செவிலியர் உண்டு, அங்கன்வாடி உண்டு, சமுதாய வளைகாப்பே நடத்துறோம். வளையலோடு சேர்த்து "வீட்டில் எப்படி இருக்கு தாயி?" என்று கேட்க ஒரு ஆள் போதும்.

வீடியோவுக்கும் நியாயமா ஒன்று சொல்லணும். கர்ப்பிணியின் மனநலம் முக்கியம் என்பது சரியான பேச்சு. தொடர்ந்து தூக்கம் இல்லாமல், எதிலும் பிடிப்பு இல்லாமல் இருந்தால் அது வைத்தியம் பார்க்க வேண்டிய விஷயம். ஆனால் ரெண்டரை வயதுப் பிள்ளையைப் பார்த்து, திரும்பிப் போய்த் திருத்தவே முடியாத ஒரு காலத்தைக் காரணம் சொன்னால், இப்போது செய்ய வேண்டியது நின்றுபோகும். இங்கே அதுதான் நடந்தது. ஆறு மாசமாக எல்லாரும் அவள் அழுததைப் பற்றிப் பேசினார்களே தவிர, பையனுக்குக் காது சரியாகக் கேட்குதான்னு ஒருத்தரும் சோதிக்கவில்லை. பேச்சுத் தாமதம்னா முதலில் பார்க்க வேண்டியதே காது.

சித்தி மகளிடம் நான் சொன்னதும் இதுதான்: "நீ அழுததாலன்னு சொல்ல ஆதாரம் இல்லைத்தா. முதல்ல இவன் காதைப் பாப்போம்." அடுத்த வாரம் செவித்திறன் சோதனைக்குத் தேதி வாங்கியிருக்கு. முடிவு என்னவா இருந்தாலும் அதற்குப் பிறகு பேச்சுப் பயிற்சி உண்டு. ஆண்டவன் புண்ணியத்தில் நல்லதே வரட்டும்.

கட்டுரையில் பிழை இருந்தால் மருத்துவ நண்பர்கள் சுட்டிக் காட்டுங்க, திருத்திக்கிறேன். அந்த வீடியோ உங்கள் குழுவுக்கு வந்தால், ஃபார்வர்ட் பண்ணும் முன் அந்தக் குழுவில் எந்தப் பொண்ணு அதைப் படிப்பாள்னு ஒரு நிமிஷம் யோசிங்க.