நானூறு ஆண்டுகளைத் தாண்டியவள்

ஆன் மெக்காஃப்ரியின் ‘டிராகன்ஃப்ளைட்’ (1968) நாவலில், பெர்ன் என்னும் கற்பனைக் கோளில் வானிலிருந்து விழும் கொல்லும் இழைகளை எரித்து அழிப்பவர்கள் டிராகன் வீரர்கள். அவர்களிடையே பெண்ணுக்கு உள்ள ஒரே இடம் ராணி டிராகனின் முதுகு. அங்கே அமர்ந்தவள் லெஸா.

செல்லுமிடத்தை மனத்தில் தெளிவாகக் கண்டால் டிராகன் அங்கே கொண்டுசேர்க்கும். தன் பால்யத்து ரூவாத்தாவை நினைத்த லெஸா, கடந்த காலத்துக்கே போய்விடுகிறாள். காலத்தையும் தாண்டலாம் என்று அப்படித்தான் தெரியவருகிறது. பின்பு, பழைய திரைச்சீலையில் நெய்திருந்த காட்சியை மனத்தில் பதித்து, யாரிடமும் அனுமதி கேளாமல் நானூறு ஆண்டுகள் பின்னே சென்று, காணாமற்போன ஐந்து முகாம்களின் வீரர்களை அழைத்துவருகிறாள். வரலாற்றின் வெற்றிடத்தை ஒரு பெண்ணின் நினைவும் நெசவும் நிரப்புகின்றன.

ஆனால் ராணி டிராகன் இணைசேரும்போது, அதை வென்ற டிராகனின் வீரனே லெஸாவுக்கும் துணையாகிறான். அவள் சம்மதத்தை யாரும் கேட்பதில்லை. டிராகன்கள் இடையில் இல்லாத வேளைகளில் தங்கள் உறவை வல்லுறவு என்றே சொல்லிவிடலாம் என அவள் துணைவன் ஃப்ளாரே எண்ணுகிறான். நாவலோ அந்த எண்ணத்தில் நிற்காமல் நகர்ந்துவிடுகிறது.

புனைவுக்காக ஹியூகோ விருது வென்ற முதல் பெண் மெக்காஃப்ரி. லெஸாவின் துணிச்சலைக் கொண்டாடும் நாம், அவர் எழுதிக் கடந்த அந்த வரியில் நின்று வாசிக்க வேண்டும்.