வாய்க்காலோடு ஓடிய மொழி: படகோனியாவில் வெல்ஷ் குடியேற்றம்

கடல் கடந்து சென்ற வெல்ஷ் மக்கள் தம் மொழியைக் காத்த வரலாற்றை ஆராய்வோர், தொகையில் பெரிதான அமெரிக்கக் குடியேற்றத்தையும் மிகச் சிறிதான அர்ஜென்டினக் குடியேற்றத்தையும் அருகருகே வைத்துப் பார்ப்பது பயன்தரும். முன்னதில் மொழி சில தலைமுறைகளுக்குள் கரைந்துபோக, பின்னதில் அது இன்றும் பேச்சு வழக்கில் இருக்கிறது. 1890ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்போது அமெரிக்காவில் வேல்ஸில் பிறந்தோர் மட்டுமே ஏறத்தாழ 1,00,000 பேர். பென்சில்வேனியாவின் ஸ்கிராண்டன் போன்ற நிலக்கரி நகரங்களில் வெல்ஷ் வழிபாட்டுக் கூடங்கள் எழுந்தன. 'ஐஸ்டெத்வொட்' எனப்படும் கவிதை, இசைப் போட்டி விழாக்கள் நடந்தன. 1851இல் நியூயார்க்கில் தொடங்கப்பட்ட 'அ திரிக்' இதழ் பல பத்தாண்டுகள் வெல்ஷிலேயே வெளிவந்தது. ஆனால் கடையிலும் பள்ளியிலும் அலுவலகத்திலும் ஆங்கிலமே செல்லுபடியானதால், தாய்மொழி ஞாயிற்றுக்கிழமைக்கு மட்டும் உரியதாகச் சுருங்கியது. அவ்விதழும் நாளடைவில் ஆங்கிலத்துக்கு மாறியது.

இந்தக் கரைதலை அமெரிக்காவில் நேரில் கண்டவர் மைக்கேல் டி. ஜோன்ஸ் என்ற சமய குரு. பின்னாளில் வேல்ஸின் பாலா நகரில் சமயக் கல்லூரியின் முதல்வரான அவர், சிதறிக் குடியேறும் மக்கள் மொழியை இழப்பது உறுதி என்றும், பிற இனத்தார் வந்து வெல்ஷைக் கற்றுக்கொள்ள வேண்டிய ஓர் இடத்தை உருவாக்குவதே வழி என்றும் கருதினார். வெல்ஷ் மொழியே மக்களின் முன்னேற்றத்துக்குத் தடை என்று பழித்த 1847ஆம் ஆண்டின் அரசுக் கல்வி அறிக்கை ஆறாத புண்ணாக இருந்த காலம் அது. ஆங்கிலம் எளிதில் எட்டாத, அர்ஜென்டினாவின் படகோனியா தேர்ந்தெடுக்கப்பட்டது; 1865 மே 28 அன்று லிவர்பூலிலிருந்து புறப்பட்ட 'மிமோசா' என்ற பழைய தேயிலைக் கப்பல், ஏறத்தாழ 160 பேருடன் ஜூலை 28 அன்று இன்றைய புவேர்ட்டோ மாத்ரின் கரையை அடைந்தது. அவர்கள் அமைத்த குடியிருப்பு 'அ வ்லாட்வா', அதாவது குடியேற்ற நாடு, என்றே இன்றும் வழங்குகிறது.

வந்தவர்களில் பலர் சுரங்கத் தொழிலாளர்கள், உழவு பழகாதவர்கள். அவர்கள் கம்வி என்று பெயரிட்டழைத்த சுபுட் ஆற்றின் பள்ளத்தாக்கோ மழை அரிதான வறண்ட நிலம். முதல் விளைச்சல்கள் பொய்த்து, குடியேற்றமே கலைந்துவிடும் என்றிருந்த நிலையில், 1867இல் ஆரன் ஜென்கின்ஸ், ரேச்சல் ஜென்கின்ஸ் தம்பதியர் ஆற்றின் நீர்மட்டம் வயலைவிட உயர்ந்திருப்பதைக் கண்டு, கரையை வெட்டிச் சிறு வாய்க்கால் வழியே கோதுமைக்கு நீர் பாய்ச்சினர். யோசனை ரேச்சலுடையது என்பது அங்கு வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. அந்த ஒற்றை வாய்க்கால் காலப்போக்கில் பள்ளத்தாக்கு முழுவதற்குமான பாசன வலையாக விரிந்தது. தண்ணீர்ப் பங்கீடும் விளைச்சலை விற்கும் 1885ஆம் ஆண்டுக் கூட்டுறவு வணிகமும் வெல்ஷில் நடந்தன. ஆர். ஜே. பெர்வின் 1878இல் வெல்ஷ் பாடநூல் அச்சிட்டார். 1891இல் லூயிஸ் ஜோன்ஸ் 'அ த்ராவொட்' இதழைத் தொடங்கினார். மதகைத் திறக்கவும் மூட்டைக்கு விலை பேசவும் வழக்குத் தீர்க்கவும் பயன்பட்ட மொழிக்குத் தனிக் காவல் தேவைப்படவில்லை. பாட்டையும் பக்தியையும் மட்டுமே மொழிக் காப்பின் காரணமாகக் காட்டும் எழுத்துகள் இந்தப் புழக்கத்தின் வலுவைக் குறைத்தே மதிப்பிடுகின்றன.

இதே மண் தெவெல்சே எனப்படும் பழங்குடியினரின் வேட்டை நிலம் என்பதையும் மறைப்பதற்கில்லை. அவர்கள் வந்தவர்களுக்கு வேட்டை கற்பித்தார்கள், ரொட்டிக்கு இறைச்சி தந்து பண்டமாற்றுச் செய்தார்கள். பின்னர் அர்ஜென்டினப் படையெடுப்பில் அவர்கள் சிதறடிக்கப்பட்டபோது குடியேறியவர்கள் அரசிடம் பரிந்து பேசியும் பலன் கிட்டவில்லை. ஒரு சிறுபான்மை மொழியின் புகலிடம் மற்றொரு சிறுபான்மையின் இழப்போடு பிணைந்திருப்பது இவ்வரலாற்றின் மிகக் கசப்பான பக்கம்.

வெல்ஷ் மொழியின் சரிவும் அன்றாடப் புழக்கத்தின் தடத்தில்தான் வந்தது. பள்ளிகளில் ஸ்பானியம் இடம்பிடித்தது. 1899இன் பெருவெள்ளம் வீடுகளையும் வாய்க்கால்களையும் அழித்தது. 1902இல் 200க்கும் மேற்பட்டோர் கனடாவுக்குப் பெயர்ந்தனர். முதல் உலகப் போரோடு வேல்ஸிலிருந்து ஆள்வரவு நின்றது. 1930களில் கூட்டுறவு வணிகமும் நொடித்தது. புழங்கும் இடங்கள் ஒவ்வொன்றாகக் கைநழுவ, வெல்ஷ் வழிபாட்டுக் கூடத்துக்கும் அடுப்படிக்கும் ஒதுங்கியது. பிள்ளைகளிடம் ஸ்பானியத்தில் பேசும் பெற்றோர் பெருகினர்.

1965இல் நூற்றாண்டு விழாவுக்கு வேல்ஸிலிருந்து வந்த குழு அறுந்திருந்த உறவைப் புதுப்பித்தது. 1997 முதல் வேல்ஸ் ஆசிரியர்கள் முறையாக அனுப்பப்படுகின்றனர். லூயிஸின் ஊர் என்று பொருள்படும் ட்ரெலியூவிலும், ஆலையூர் என்று பொருள்படும் ட்ரெவெலினிலும், கைமன் நகரிலும் இன்று வெல்ஷும் ஸ்பானியமும் கற்பிக்கும் பள்ளிகள் உள்ளன. வெல்ஷ் வம்சாவளி அல்லாத பிள்ளைகளும் அவற்றில் படிக்கின்றனர். பிற இனத்தாரும் கற்க வேண்டிய மொழி என்று மைக்கேல் டி. ஜோன்ஸ் கண்ட கனவு இந்தச் சிறு அளவிலேனும் பலித்திருக்கிறது.

ட்ரெலியூவில் நடைபெறும் ஐஸ்டெத்வொட் விழாவில் வெல்ஷ் கவிதைக்கு நாற்காலியும் ஸ்பானியக் கவிதைக்கு மகுடமும் பரிசு. கவிஞர்கள் புனைபெயரில் எழுதியனுப்புவதால், மேடையிலிருந்து அப்பெயர் ஒலித்து, கூட்டத்துக்குள் ஒருவர் எழுந்து நிற்கும்வரை வென்றவர் யாரென்று பக்கத்தில் அமர்ந்திருப்பவருக்கும் தெரியாது. மேடையில் ஒரு வாளைப் பாதி உருவி அமைதி உண்டா என்று மும்முறை கேட்க, அரங்கம் முழுவதும் அமைதி என்று வெல்ஷில் விடையளிக்கிறது. அரங்கில் வேல்ஸிலிருந்து வந்தவர்களும் உண்டு. அவர்களுக்குப் பெரும்பாலும் ஸ்பானியம் தெரியாது, உள்ளூர்க்காரர் பலருக்கு ஆங்கிலம் தெரியாது. மாத்தே என்ற மூலிகைப் பானத்தைக் கைமாற்றிக் குடித்தபடி அவர்கள் பேசிக்கொள்வது வெல்ஷில்தான்.