தாழ்ச்சி யார் கற்க வேண்டிய பாடம்?

லூக்கா நற்செய்தியின் முதல் அதிகாரத்தில் மரியா பாடும் பாட்டில் வரும் ஒரு சொல்லைத் தமிழில் இரண்டு விதமாகப் பெயர்த்திருக்கிறார்கள். சீர்திருத்தச் சபைகள் தலைமுறைகளாக வாசித்துவரும் பழைய மொழிபெயர்ப்பில் அது 'தாழ்மை'. 1995இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பில் 'தாழ்நிலை'. கிரேக்க மூலத்தில் உள்ள தபெய்னோசிஸ் என்ற சொல் அங்கே குணத்தைக் குறிப்பதில்லை. ஒருத்தி வைக்கப்பட்டிருக்கும் கீழான நிலையைக் குறிக்கிறது. பழந்தமிழில் தாழ்மைக்கும் அந்தப் பொருள் உண்டு என்று நிகண்டுகளைப் புரட்டியவர்கள் சொல்லலாம். ஆனால் பிரசங்க மேடையில் அது எப்போதும் குணம்தான். மரியா தாழ்மையான பெண், ஆகவே தேர்ந்துகொள்ளப்பட்டாள் என்றே நம் வீட்டுப் பெண்பிள்ளைகளுக்குச் சொல்லித் தரப்படுகிறது. தாழ்மையைப் பாராட்டலாம், பரிசு கொடுக்கலாம். தாழ்நிலையைப் பாராட்ட முடியுமா? அதை மாற்றத்தான் முடியும். அந்தப் பாட்டின் மிச்ச அடிகளெல்லாம் அரியணைகள் கவிழ்வதையும் பசித்தவர்கள் வயிறு நிறைவதையும்தான் பேசுகின்றன.

இந்த வேறுபாட்டை மனதில் வைத்துக்கொண்டு பாமாவின் 'கருக்கு' நூலை மறுபடி வாசித்தேன். 1992இல் வந்த புத்தகம். தலித் தன்வரலாறு என்ற தலைப்பின் கீழ் அதைப் பாடத்திட்டங்களில் வைத்துவிட்டோம். நானும் பல ஆண்டுகள் அப்படித்தான் நடத்திவருகிறேன். வாணக்கத்துக்கும் பூசைக்கும் கன்னியர் மடத்துக்கும் அது ஒதுக்கும் பக்கங்களை, ஆசிரியரின் வாழ்க்கையில் நடந்த சம்பவங்கள் என்று மாணவர்கள் வேகமாகக் கடந்துவிடுகிறார்கள். எனக்கோ அந்தப் பக்கங்கள்தான் தாழ்ச்சி, தர்மம், ஏழைகளுக்குச் சேவை என்ற மூன்று கிறிஸ்தவச் சொற்களைப் பற்றித் தமிழில் எழுதப்பட்ட கூர்மையான விமர்சனமாகத் தெரிகின்றன. தலைப்பே விவிலியத்திலும் இருக்கிற சொல். எபிரேயருக்கு எழுதிய நிருபத்தின் நான்காம் அதிகாரத்தில், பழைய மொழிபெயர்ப்பின்படி, தேவ வார்த்தை இருபுறமும் கருக்குள்ள பட்டயத்தோடு ஒப்பிடப்படுகிறது. பனைமட்டையின் கருக்கையும் அந்தக் கருக்கையும் பாமா ஒன்றாகவே பிடித்திருக்கிறார்.

புத்தகத்தில் எல்லோருக்கும் நினைவிருக்கிற காட்சிகள் இரண்டு. பெரியவர் ஒருவர் வடைப் பொட்டலத்தை அதன் கயிற்றைப் பிடித்துத் தொங்கவிட்டபடி கொண்டுபோகிறார். சிறுமிக்கு அது வேடிக்கையாக இருக்கிறது. அண்ணன் விளக்கிய பிறகுதான் சிரிப்பு நின்றுபோகிறது. மற்றொன்று, பாட்டி வேலைபார்க்கும் நாயக்கர் வீடு. அங்கே தண்ணீர் உயரத்திலிருந்து ஊற்றப்படுகிறது. பாட்டி இரு கைகளையும் சேர்த்துக் குடிக்கிறாள். மீந்த சோறும் தொட்டுவிடாதபடிதான் தரப்படுகிறது. இதெல்லாம் இல்லாவிட்டால் நாம் எப்படிப் பிழைப்பது என்று பாட்டி கேட்கிறாள். கொடுத்தவர் கணக்கில் அது தர்மம். வாங்கியவளிடம் இருந்தது தாழ்மையா, தாழ்நிலையா?

யோவான் நற்செய்தியின் பதின்மூன்றாம் அதிகாரத்தை இதன் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். அங்கே கொடுப்பவர் குனிகிறார், தொடுகிறார், அழுக்கைத் துடைக்கிறார். நாயக்கர் வீட்டில் நடப்பதற்கு நேர் எதிரான உடல் அசைவு அது. அந்தக் கதை ஒரு தகவலை முன்கூட்டியே சொல்லிவிடுகிறது: எல்லாமே தன் கையில் ஒப்படைக்கப்பட்டிருக்கிறது என்று தெரிந்த நிலையில்தான் அவர் எழுந்து துண்டைக் கட்டிக்கொள்கிறார். இறங்குவதற்கு உயரம் உள்ளவருக்கான செயல் அது. ஏற்கெனவே தரையில் உட்கார்ந்திருப்பவளிடம் போய் இன்னும் குனி என்று சொல்ல அந்த அதிகாரத்தில் எந்த ஆதாரமும் இல்லை. பாமாவின் குற்றச்சாட்டும் இதுதான். அநீதியைக் கண்டு கோபப்படுகிற, ஏழைகளின் பக்கம் நிற்கிற இயேசு ஒருவர் இருக்கிறார். தன் மக்களுக்குக் காட்டப்பட்டவர் வேறொருவர் என்கிறார். அவர்களுக்குப் பணிவு, பொறுமை, கீழ்ப்படிதல் ஆகியவை மட்டுமே திரும்பத் திரும்ப ஓதப்பட்டன. தேங்காய் திருடியதாகப் பழி வந்தபோது சிறுமி பங்குச் சாமியாரிடம்தான் போகிறாள். சேரிப் பிள்ளைதானே, செய்திருப்பாய் என்ற தொனியில் அவர் பேசுகிறார். அவளுடைய பொறுமைக்குக் கிடைத்த கூலி அது.

இதே நற்செய்தியில் ஓர் அதிகாரம் முன்னால் போனால் பெத்தானியா வீட்டு விருந்து. மரியா என்ற பெண் விலையுயர்ந்த தைலத்தை இயேசுவின் பாதங்களில் பூசித் தன் கூந்தலால் துடைக்கிறாள். முந்நூறு தெனாரியத்துக்கு விற்று ஏழைகளுக்குக் கொடுத்திருக்கலாமே என்று யூதாசு கேட்கிறான். ஒரு தெனாரியம் ஒரு நாள் கூலி. கிட்டத்தட்ட ஓராண்டு உழைப்பின் மதிப்பு. ஏழைகளின் பெயரைச் சொல்லி ஒரு பெண்ணின் கையைத் தடுக்கிற இடம் இது. பணப்பை அவனிடம்தான் இருந்தது என்று நற்செய்தியாளர் சேர்த்துச் சொல்கிறார். ஏழைகள் எப்போதும் உங்களோடு இருப்பார்கள் என்ற பதிலை, ஏழ்மை மாறாது என்பதற்குச் சாட்சியாகக் காட்டுகிறவர்கள் உண்டு. அந்த வாக்கியம் இணைச்சட்டம் பதினைந்தாம் அதிகாரத்தின் எதிரொலி. அங்கே அதற்கு அடுத்து வருவது, ஆகவே கையைத் தாராளமாகத் திற என்ற கட்டளை. இன்னொன்றும் உண்டு. மரியா துடைத்ததற்கும் மறு அதிகாரத்தில் இயேசு சீடர்களின் பாதங்களைத் துடைத்ததற்கும் கிரேக்கத்தில் ஒரே வினைச்சொல்தான். அந்தச் சைகையை முதலில் செய்தவள் ஒரு பெண். ஆனால் பெரிய வியாழன் பிரசங்கங்களில் அவளைப் பற்றி நான் ஒருமுறைகூடக் கேட்டதில்லை.

ஏழைகளுக்காகவே வாழ்ந்து மடிந்த ஒரு பெண் தொடங்கிய சபை என்று படித்துத்தான் பாமா துறவறத்துக்குள் போகிறார். உள்ளே அவர் பார்ப்பது வசதியான வீட்டுப் பிள்ளைகள் படிக்கும் பள்ளி. அங்கே கூட்டுவதும் கழுவுவதும் கழிப்பறை சுத்தம் செய்வதும் அவருடைய சமூகத்தினர். சில சபைகளில் அந்தச் சமூகத்துப் பெண்களைச் சேர்ப்பதில்லை என்பதையும் பயிற்சிக் காலத்திலேயே கேட்கிறார். ஏழ்மை என்பது அங்கே ஒரு வார்த்தைப்பாடு, சோற்றுக்குப் பஞ்சமில்லாத வார்த்தைப்பாடு. பசியோடு வளர்ந்த ஒருத்தி அந்தச் சொல்லை அந்த உணவு மேசையில் உட்கார்ந்து கேட்க வேண்டியிருக்கிறது. இந்த இடங்களில் பாமாவின் மொழியில் ஏளனம் ஏறுகிறது. அந்த ஏளனத்தை வகுப்பில் நிதானமாக வாசிக்க வேண்டும் என்பேன்.

1960இல் வாலரி செய்விங் என்ற அமெரிக்க இறையியலாளர் ஒரு கட்டுரை எழுதினார். செருக்கே மூலப் பாவம், தன்னைத் துறப்பதே அதற்கு மருந்து என்று ஆண் இறையியலாளர்கள் சொல்வது ஆண்களின் அனுபவத்திலிருந்து வந்தது. பெண்ணின் சிக்கல் பெரும்பாலும் தனக்கென்று ஒரு 'தான்' இல்லாமல் கரைந்துபோவது என்றார். அவருக்கு நோயாகத் தெரிந்ததைத்தான் திருச்சபை பெண்ணுக்கு மருந்தாகக் கொடுத்துவந்தது. செய்விங் சாதியை அறியாதவர். பாமாவின் பாட்டியை அவர் பார்த்திருந்தால் அந்தக் கட்டுரை இன்னும் நீண்டிருக்கும்.

கருக்கின் மீது எனக்கு ஒரு குறையும் உண்டு. மடத்துக்குள் சாதியையும் வர்க்கத்தையும் அவ்வளவு துல்லியமாகப் பார்க்கும் புத்தகம், அந்தச் சிஸ்டர்களும் ஆண் குருக்களின் அதிகாரத்துக்குக் கீழே இருப்பவர்கள் என்பதில் அதிகம் நிற்பதில்லை. பெண் என்ற கேள்வி இரண்டாண்டு கழித்து வந்த 'சங்கதி'யில்தான் நடுவில் வருகிறது. அங்கேயும் பேசப்படுபவர்கள் ஊர்ப் பெண்கள், கன்னியாஸ்திரிகள் அல்ல. 2018 மார்ச்சில் வத்திக்கான் நாளிதழின் பெண்கள் மாத இணைப்பு ஒரு கட்டுரை வெளியிட்டது: கர்தினால்கள், ஆயர்களின் வீடுகளில் சமைத்துத் துவைக்கும் கன்னியர்களில் பலருக்கு ஒழுங்கான சம்பளமோ வேலைநேரமோ கிடையாது. அந்த உழைப்புக்குச் சூட்டப்பட்ட பெயரும் சேவைதான். மறு ஆண்டு அந்த இணைப்பின் ஆசிரியர் லுச்செட்டா ஸ்காராஃபியாவும் ஆசிரியர் குழுவும் விலகினார்கள்.

பெரிய வியாழன் சடங்கில் பாதம் கழுவப்படுகிறவர்கள் ஆண்களாக இருக்க வேண்டும் என்பது திருவழிபாட்டு விதி. 2013இல் போப் பிரான்சிஸ் ரோமில் இளையோர் சிறைக்குப் போய்ப் பெண்களின் பாதங்களையும் கழுவினார். அவர்களில் ஒரு முஸ்லிம் பெண்ணும் இருந்தார். 2016 ஜனவரியில் விதியே திருத்தப்பட்டது. இனிப் பெண்களும் அந்த நாற்காலியில் உட்காரலாம். பாத்திரத்தைக் கழுவி, துண்டைத் துவைத்து, பீடத்தருகே கொண்டுவந்து வைப்பது முன்பும் சிஸ்டர்களின் வேலையாக இருந்தது, இப்போதும் பல கோயில்களில் அப்படியே இருக்கிறது.