ஒலிக்கு நிறம் உண்டா?

செஞ்சியை அடுத்த தொண்டூர்ப் பக்கத்து வாசகர்கள் பாரதக் கூத்தில் முகவீணை கேட்டிருப்பார்கள். “ஊசி மாதிரி குத்துகிறது” என்போம். ஒலிக்கு ஏது முனை? ஆயினும் பக்கத்தில் இருப்பவர் நம்மைத் திருத்துவதில்லை. “மஞ்சளாகக் கேட்கிறது” என்று சொல்லிப் பாருங்கள். ஏற இறங்கப் பார்ப்பார்.

உண்மையிலேயே அப்படி உணர்பவர்கள் உண்டு. இதற்குச் சினஸ்தீசியா என்று பெயர். புலன் கலப்பு எனலாம். தமிழ்நாட்டில் பிறந்து கலிபோர்னியாவின் சான் டியகோவில் ஆய்வு செய்த வி. எஸ். இராமச்சந்திரன், 2011-ல் வெளிவந்த ‘தி டெல்-டேல் பிரெய்ன்’ நூலில் இதற்கென ஓர் அத்தியாயமே ஒதுக்கியிருக்கிறார். கதைபோல் ஓடும் எழுத்து. ஆனால் அத்தனை விரைவாகத் தலையாட்டிவிட வேண்டாம் என்பதே என் வேண்டுகோள்.

அவருடைய சோதனை எளிது. தாள் நிறைய 5 என்ற எண். நடுநடுவே முக்கோணமாக அடுக்கிய சில 2-கள். நாம் தேடித்தான் கண்டுபிடிப்போம். எண்களில் நிறம் காண்பவருக்கோ முக்கோணம் சட்டென்று தெரிகிறது என்றார். எண்ணை அறியும் பகுதியும் நிறத்தை அறியும் பகுதியும் மூளையில் அண்டை வீடுகள். சுவர் தாண்டிக் கம்பி போய்விட்டது என்பது அவர் விளக்கம்.

அழகான விளக்கந்தான். ஆனால் 2010-ல் ஜேமி வார்டும் குழுவினரும் சோதித்தபோது, புலன் கலப்பு உடையவர்கள் மற்றவர்களைவிட ஓரளவு நன்றாகச் செய்தார்களே தவிர, வடிவம் தானாகத் துள்ளி எழவில்லை. கவனம் செலுத்திய பிறகே நிறம் தெரிந்தது. மேலும், அண்டை வீட்டுக் கதை எண்ணுக்குப் பொருந்தலாம்; ஒலிக்கு? கேட்கும் பகுதி மூளைப் பக்க மடலின் மேற்புறம். நிறப் பகுதி பின்னே, அடிப்புறம். சுவர் ஒட்டிய வீடுகள் அல்ல. எல்லோரிடமும் உள்ள இணைப்புகளே சிலரிடம் அடக்கப்படாமல் வேலை செய்கின்றன என்று 2001-லேயே வேறு சிலர் கூறினர். எல்.எஸ்.டி. போன்ற மருந்து உட்கொண்டவருக்குச் சிறிது நேரத்தில் ஒலி நிறமாகிறது. அதற்குள் புதுக் கம்பி முளைக்காது அல்லவா?

‘பூபா–கிகி’ சோதனையும் அப்படியே. உருண்டை வடிவம் பூபா, முள் வடிவம் கிகி என்று அமெரிக்க மாணவரும் தமிழ் பேசுவோரும் 95 விழுக்காட்டுக்கு மேல் ஒத்துச் சொன்னதாக 2001-ல் அவரும் ஹப்பார்டும் எழுதினர். பின்னாளில் 25 மொழிகளில் நடந்த ஆய்வில் கிடைத்தது 72 விழுக்காடு. விளைவு பொய்யல்ல, அளவுதான் குறைந்தது.

இனி இயற்பியலுக்கு வருவோம். நாம் கேட்கும் ஒலி நொடிக்கு 20 அதிர்விலிருந்து 20,000 வரை. அதாவது பத்து ஸ்தாயி. ஒளியோ சுமார் 4 கோடி கோடி முதல் 7.5 கோடி கோடி வரை. ஒரு ஸ்தாயிகூட முழுதாகத் தேறாது. ஒன்று காற்றின் அழுத்தம், மற்றது மின்காந்த அலை. ஆயினும் நியூட்டன் 1704-ல் ‘ஆப்டிக்ஸ்’ நூலில் ஏழு நிறங்களை ஏழு சுர இடைவெளிகளோடு பொருத்தினார். சார்ங்கதேவரின் ‘சங்கீத ரத்னாகர’மும் சுரங்களுக்கு நிறம் சொல்கிறது; அதில் மத்திமம் வெண்மை, பஞ்சமம் கருமை. நிறமாலையில் வெள்ளை ஏது, கறுப்பு ஏது? இயற்கையில் ஒரே அட்டவணை இருந்தால் இருவரும் ஒன்றையே கண்டிருக்க வேண்டும். (தொல்காப்பியம் ஓசை நயத்தை ‘வண்ணம்’ என்பதைச் சான்றாகக் காட்டுவோரும் உண்டு. ஒரு சொல்லுக்கு இரு பொருள் இருப்பது கண்ணால் கண்ட சாட்சி ஆகாது.)

புலன் கலப்பு உடையவர்களும் தமக்குள் ஒத்துப்போவதில்லை. ஒன்றில் மட்டும் ஒற்றுமை: சுருதி ஏற ஏற நிறம் வெளிறுகிறது. வியப்பு என்னவென்றால், நிறம் காணாத நம்மிடம் ஒலிக்கு நிறம் தேர்ந்தெடுக்கச் சொன்னாலும் அதே போக்குத்தான். வார்டின் 2006 ஆய்வு காட்டியது இது. என் கணிப்பில், சுவர் தாண்டிய கம்பியைவிட நம்பத்தக்க துப்பு இதுதான்.

இத்தகையோர் அபூர்வமும் அல்லர். எல்லா வகைகளையும் சேர்த்தால் நூற்றுக்கு நால்வர் என்கிறது 2006-ல் பிரிட்டனில் நடந்த ஓர் ஆய்வு. எனவே மணியோசை சிவப்பு என்று உங்கள் வீட்டுப் பிள்ளை சொன்னால் அதட்ட வேண்டாம். பேய் ஓட்ட மேல்மலையனூருக்கும் இழுத்துப் போக வேண்டாம். முப்பது ஒலிகளைக் கேட்கச் செய்து, அவன் சொல்லும் நிறங்களை எழுதி, தாளை அவன் கண்ணில் படாமல் வையுங்கள். நான்கைந்து மாதம் கழித்து, முன்கூட்டிச் சொல்லாமல், வரிசையை மாற்றிக் கேளுங்கள். இட்டுக்கட்டியவன் பாதிக்கு மேல் தடுமாறுவான். உண்மையாகக் காண்பவன், “இதைத்தான் அன்றைக்கே சொன்னேனே” என்று அலுத்துக்கொள்வான்.