ஒரே பட்டியலில் வணிகமும் வரதட்சணையும்

பணத் தகராறுக்குக் குற்றவழக்குச் சாயம் பூசி எதிராளியை மிரட்டும் போக்கை 2006இல் இந்தியன் ஆயில் வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. சிவில் பரிகாரம் இருக்கிறது என்பதற்காக மட்டும் குற்றம் மறைந்துவிடாது என்றும் அதே தீர்ப்பு சொன்னது. இரண்டும் எனக்கு உடன்பாடே.

என் சிக்கல் 2012இன் கியான் சிங் தீர்ப்போடு. சமரசமானால் ரத்துசெய்யத்தக்க வழக்குகளுக்கு அது ஒரு பட்டியல் தருகிறது. கொலையும் வன்புணர்வும் அதற்கு வெளியே நிற்கின்றன. உள்ளே வணிகம், நிதி, கூட்டுத்தொழில். அவற்றையடுத்து வரதட்சணை சார்ந்த திருமணக் குற்றங்கள்.

தமிழ் கற்பிப்பவள் நான். பட்டியலில் அடுத்தடுத்து நிற்கும் சொற்கள் ஒன்றன் நிறத்தை மற்றொன்றின் மேல் ஏற்றும். கூட்டுத்தொழிலில் நட்டப்பட்டவரும் கணவன் வீட்டில் அடிபட்டவளும் இங்கே ஒரே வரிசை. வீட்டுக்குள் நடப்பதும் குற்றமே என்று சொல்லத்தான் 1983இல் 498ஏ பிரிவு வந்தது. பட்டியல் அதைத் திரும்பவும் 'சொந்த விவகாரம்' ஆக்குகிறது.

சமரசத்தால் விடுதலை பெறும் பெண்களும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் கையெழுத்திட்ட அன்று அவளுக்குத் தங்க இடம் இருந்ததா, பிள்ளை யாரிடம் இருந்தது, நகை திரும்பி வந்ததா? மாணவிகளே, தீர்ப்புகளை வாசிக்கையில் இந்தக் கேள்விகள் எழுப்பப்பட்டிருக்கின்றனவா என்று தேடுங்கள்.