தலையிலிருந்து இறங்கும் கால்கள்

ஆலங்காயம் பக்கம் அங்கன்வாடிச் சுவர்களில், பிள்ளைகளின் கைக்கெட்டும் உயரத்தில் இருக்கும் சாக்பீஸ் கிறுக்கல்களை ஆசை தீரப் பார்ப்பேன். ஒரு வட்டம், உள்ளே இரண்டு புள்ளி, வட்டத்திலிருந்தே நேராக இறங்கும் இரண்டு கால்கள். "யாரு கண்ணு இது?" என்றால், "ஆயா." உடம்பு எங்கே என்று கேட்கவே கூடாது. மூன்று, நான்கு வயதில் உலகெங்கும் பிள்ளைகள் மனிதரை இப்படித்தான் வரைகிறார்கள்.

ஐந்து, ஆறு வயதுப் படங்கள்தான் எனக்கு உயிர். ஒரு சிறுமி காவலூர் வானாய்வகத்தை வரைந்திருந்தாள். குவிமாடத்தின் சுவரை ஊடுருவி, உள்ளே தொலைநோக்கியும் அதில் கண் வைத்த ஆளும் தெரிந்தார்கள். தலை பெரிது, கை நீளம். கண்ணில் படுவதை அல்ல, தான் அறிந்ததையே குழந்தை வரைகிறது என்று பிரெஞ்சு அறிஞர் லூக்கே 1927-இல் விளக்கியது இதைத்தான்.

அதற்கு முந்தைய ஆண்டே அமெரிக்காவில் ஃப்ளாரன்ஸ் குடெனஃப், ஓர் ஆளை வரையச் சொல்லி, விரல், கழுத்து, உடைக்கெல்லாம் மதிப்பெண் போட்டு அறிவை அளந்தார். எனக்கு அதில் முழு உடன்பாடில்லை. பென்சில் பிடித்தே பழகாத மலைக்கிராமத்துப் பிள்ளையை அந்த அளவுகோல் எப்படி அளக்கும்? கறுப்பு கிரேயானை எடுத்தாலே மனக்கவலை என்பதும் அவசரத் தீர்ப்பு. டப்பாவில் மிஞ்சியது அது ஒன்றாகவே இருக்கலாம்.

எட்டு, ஒன்பது வயதானால் ஜவ்வாது மலையைத் தினமும் பார்க்கிற பிள்ளையும் இரண்டு முக்கோணம், நடுவே சூரியன் என்று போட ஆரம்பிக்கிறது. அதுதான் எனக்கு வருத்தம்.