காலத்தை ஆராய்ந்த கற்பனை அறிஞர்: லெ குவினின் ஷெவெக் – வாழ்வும் கொடையும்

முன்னுரை

அறிவியல் புனைகதைகளில் அறிவியலாளர்கள் பலர் வருகின்றனர். ஆயினும், ஓர் அறிவியலாளரின் சிந்தனையே நாவலின் கட்டமைப்பாகவும் அமைந்த படைப்புகள் மிகச் சிலவே. அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா கே. லெ குவின் (1929–2018) 1974இல் வெளியிட்ட 'தி டிஸ்பொசெஸ்ட்' அச்சிலவற்றுள் ஒன்றாகும். 'உடைமையற்றோர்' என இத்தலைப்பைத் தமிழில் சுட்டலாம். ஹியூகோ, நெபுலா ஆகிய இரு விருதுகளையும் பெற்ற இந்நாவலின் முதன்மைப் பாத்திரம் ஷெவெக். காலத்தை ஆராயும் இயற்பியலறிஞர். இந்நாவல் பெரும்பாலும் அதன் அரசியலுக்காகவே பேசப்படுகிறது. இக்கட்டுரையோ, ஷெவெக்கின் காலக் கோட்பாடு அவருடைய வாழ்வுக்கு எவ்வாறு உரைகல்லாகிறது என்பதையும், அவ்வுரைகல்லில் அவரே எவ்விடத்தில் மாற்றுக் குறைகிறார் என்பதையும் ஆராய முற்படுகிறது.

வாழ்வு

உராஸ், அனாரஸ் என்பன ஒன்றுக்கொன்று நிலவாக விளங்கும் இரட்டை உலகங்கள். வளமிக்க உராஸிலிருந்து, ஓடோ என்னும் பெண் சிந்தனையாளரின் கொள்கையை ஏற்றவர்கள் வெளியேறி, வறண்ட அனாரஸில் அரசும் தனியுடைமையும் இல்லாத சமுதாயத்தை அமைக்கின்றனர். ஏறத்தாழ 170 ஆண்டுகளுக்குப் பிறகு அச்சமுதாயத்தில் வளர்கிறார் ஷெவெக். எறியப்பட்ட கல் மரத்தை ஒருபோதும் அடைய இயலாது என்னும் புதிரை, சிறுவயதிலேயே அவர் தாமாகக் கண்டடைகிறார். நம் உலகில் இது கிரேக்கத் தத்துவஞானி சீனோவின் பெயரால் வழங்குவது. அதனை உடன்பயில்வோரிடம் எடுத்துரைத்தமைக்காக, தன்முனைப்புக் கொண்டவன் எனக் கண்டிக்கப்பட்டு, அச்சிறுவன் குழுவிலிருந்து வெளியேற்றப்படுகிறான்.

பின்னர்த் தலைமை நகரான அப்பெனேயில் சபுல் என்னும் மூத்த இயற்பியலாளரின் கீழ்ப் பணியாற்றும்போது, இதே சுவர் வேறு வடிவில் எழுகிறது. இளையவரின் ஆய்வு வெளிவர வேண்டுமாயின் மூத்தவரின் பெயரும் அதில் இடம்பெற வேண்டும். உடைமையே இல்லாத சமுதாயத்தில் அறிவு மட்டும் உடைமையாகிவிடும் இம்முரணை லெ குவின் நுட்பமாகக் காட்டுகிறார். சபுலைக் கொடியவராகப் படைக்காமல், நாம் எளிதில் அடையாளம் காணக்கூடிய ஒருவராகப் படைத்திருப்பதே இப்பகுதியின் வலிமை. கல்விப்புலத்தில் இருப்போர் இப்பக்கங்களைச் சற்றுத் தயக்கத்துடனேயே கடக்க நேரும்.

காலக் கோட்பாடும் நாவலின் அமைப்பும்

காலம் அம்புபோல் ஒரு திசையில் செல்வது என்பது தொடர்நிலைக் கொள்கை. முன்னும் பின்னுமாகிய அனைத்தும் ஒருங்கே உள்ளன என்பது உடனிகழ்வுக் கொள்கை. இவ்விரண்டையும் ஒன்றிணைக்கும் பொதுக் கோட்பாட்டைக் காண்பதே ஷெவெக்கின் வாழ்நாள் நோக்கம். இது வெறும் கற்பனைச் சிக்கலன்று. 1908இல் தத்துவ அறிஞர் மக்டாகர்ட் காலத்தின் மெய்ம்மையை மறுத்து எழுதிய கட்டுரையும், அதே ஆண்டில் மின்கோவ்ஸ்கி இடத்தையும் காலத்தையும் ஒன்றாக்கி ஆற்றிய உரையும் இவ்வினாவையே வெவ்வேறு வழிகளில் தொட்டன.

ஷெவெக்கின் கணிதத்தை லெ குவின் எங்கும் தருவதில்லை. இதனைக் குறையெனக் கொள்வாரும் உளர். ஆனால், கோட்பாட்டுக்கு ஈடாக நாவலின் அமைப்பே நிற்கிறது எனலாம். 13 இயல்களில் முதலும் இறுதியும் இரு உலகங்களுக்கும் இடைப்பட்ட பயணங்கள். ஏனையவற்றுள் இரட்டைப்படை இயல்கள் அனாரஸில் கழிந்த இளமையையும், ஒற்றைப்படை இயல்கள் உராஸில் நிகழ்வதையும் கூறுகின்றன. ஒரு நூலின் பக்கங்கள் யாவும் ஒருங்கே இருப்பினும் வரிசையாகவே படித்தாக வேண்டும் என ஷெவெக் ஓரிடத்தில் விளக்குகிறார். அவ்விளக்கத்தைக் கையிலுள்ள நூலே மெய்ப்பிக்கிறது.

வாக்குறுதியும் வழுவும்

இக்கோட்பாட்டின் அறப்பயன் வாக்குறுதி என்னும் கருத்தில் வெளிப்படுகிறது. நேற்றையும் நாளையையும் பிணைத்துக் காணும் உயிரே வாக்களிக்கவும் பொறுப்பேற்கவும் வல்லது. பஞ்சக் காலத்தில் துணைவி டாக்வெரைப் பிரிந்து வாழ்ந்த நான்கு ஆண்டுகள், அவ்வாக்கினால்தான் இழந்த காலமாகாமல் வாழ்ந்த காலமாகின்றன.

எனினும், உராஸில் வேயா என்னும் பெண்ணின் இல்ல விருந்தில் காலத்தையும் பொறுப்பையும் பற்றி உரைத்த அதே இரவில், மதுமயக்கத்தில் அவளது மறுப்பைப் பொருட்படுத்தாமல் அவளிடம் வன்மையாக நடக்கிறார் ஷெவெக். செயலின் விளைவை முன்னுணர்வதே அறம் என்று கூறியவர் அக்கணத்தில் அவ்வறத்தைத் துறக்கிறார். இம்முரண் ஆசிரியர் அறிந்தே அமைத்தது என வாதிடலாம். ஆயின், அதன் பிறகு நாவல் ஷெவெக்கின் அவமானத்தையே பேசுகிறது. வேயாவுக்கு நேர்ந்ததைப் பேசவில்லை. கடந்த காலத்தைக் கைவிடலாகாது எனக் கற்பிக்கும் நாவல், இந்தக் கடந்த காலத்தை மட்டும் கைவிட்டுவிடுகிறது. ஷெவெக்கைப் போற்றுவோர் இவ்விடத்தை விலக்கிச் செல்லுதல் தகாது.

மொழி

அனாரஸ் மக்களின் பிராவிக் மொழியில் உடைமைச் சொற்கள் அருகியே வழங்கும். 'என் கை வலிக்கிறது' என்னாமல், கை தன்னை வலிக்கச் செய்வதாகவே அம்மக்கள் கூறுவர். ஆங்கில வாசகருக்கு இது விந்தை. 'எனக்குக் கை வலிக்கிறது' என இயல்பாகக் கூறும் நமக்கோ இதில் வியப்பில்லை. உடைமை இலக்கணத்தை மாற்றினால் உள்ளமும் மாறும் என்னும் நாவலின் எடுகோளை ஐயத்துடன் அணுக இவ்வொரு சான்றே நமக்குப் போதும்.

கொடை

ஷெவெக்கின் கோட்பாட்டிலிருந்தே 'ஆன்சிபிள்' பிறக்கிறது. விண்மீன்களுக்கிடையே நொடியும் தாமதமின்றிச் செய்தி அனுப்பும் கருவி அது. இச்சொல்லை லெ குவின் 1966இல் 'ரோகனன்ஸ் வேர்ல்ட்' நாவலிலேயே ஆண்டுவிட்டார். 1969இல் வந்த 'தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னஸ்' நாவலிலும் அக்கருவி உண்டு. ஆகவே, வாசகர்க்குக் கொடை முன்னே வந்தது. கொடுத்தவரின் வாழ்வு எட்டு ஆண்டுகள் கழித்தே வந்தது. பின்னர் ஆர்சன் ஸ்காட் கார்டு 1985இல் வெளியிட்ட 'எண்டர்ஸ் கேம்' உள்ளிட்ட பிறர் படைப்புகளிலும் இச்சொல் குடியேறியது.

கோட்பாட்டை விலைகொடுத்துப் பெற முனைந்த ஏ-இயோ அரசுக்கு ஷெவெக் அதனைத் தரவில்லை. வேலைநிறுத்தம் செய்த மக்கள் சுட்டுக் கொல்லப்பட்டதைக் கண்ட பின், பூமியின் தூதர் கெங்கிடம் அடைக்கலம் புகுந்து, எல்லா உலகங்களுக்கும் ஒருசேர அதனை ஒலிபரப்பச் செய்கிறார். யாவர்க்கும் உரியதை எவரும் தனியே விற்க இயலாது. சபுல் தம் பெயரைப் பொறித்த இடத்தில், ஷெவெக் பெயரையே பொருட்டாகக் கொள்ளவில்லை.

முடிவுரை

வெறுங்கையுடன் புறப்பட்ட ஷெவெக், வெறுங்கையுடனேயே திரும்புகிறார். அவர் அனாரஸில் தரையிறங்குமுன் நாவல் முடிந்துவிடுகிறது. வரவேற்பா தாக்குதலா என்பது நமக்குக் கூறப்படுவதில்லை. ஆய்வின் பயனைத் தம் பெயருக்குரிய சொத்தாகக் கருதுவோருக்கு இக்கற்பனை அறிஞர் ஒரு மறுப்பாக நிற்கிறார். வேயாவின் திறத்தில் அவர் தவறியதையும் உடன்வைத்துப் படிக்கும்போதுதான் அம்மறுப்பு முழுமை பெறும். கோட்பாட்டைக் கண்டடைந்தவரும் அதற்குக் கட்டுப்பட்டவரே என்பதை இந்நாவல் தன் சிறப்பாலும் குறையாலும் ஒருங்கே உணர்த்துகிறது.